நான் 'பரவாயில்லை' என்று சொன்ன முழங்கால்

மொழிபெயர்ப்பு வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் நீங்கள், என் அனுபவங்களை எழுதித் தரச்சொல்லிக் கேட்டிருக்கிறீர்கள். பெருமையாக எழுத என்னிடமும் நாலு கதை இருக்கிறது. பிரசவ அறைக்கு வெளியே விடிய விடிய நின்று கதைத்தது, நீதிமன்றத்தில் நீதிபதியையே மறித்துத் திரும்பச் சொல்லவைத்தது என்று வேண்டிய மட்டும் அளக்கலாம். அதையெல்லாம் வேறு யாராவது சொல்லுவார்கள். இத்தாலியின் இந்தப் பலேர்மோ நகரத்தில் என்னைப் புகழ ஆட்களுக்குப் பஞ்சமில்லை. நான் வாய் திறக்காவிட்டால் யாருமே சொல்லமாட்டார்கள் என்கிற ஒன்றைத்தான் இங்கே எழுதுகிறேன். அது என் முதல் வேலை. அந்த வேலையில் நான் ஒருவனுடைய முழங்காலைக் கெடுத்தேன். பிறகு அவனுடைய பெயரையும் கெடுத்தேன்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. அப்போது என்னை யாரும் மொழிபெயர்ப்பாளர் என்று சொன்னதில்லை. பலேர்மோவில் சீசா என்கிற பகுதியில், மூன்றாம் மாடியில் ஒரு சின்ன வீட்டில் இருந்துகொண்டு, செவ்வாய், வியாழன், சனிக்கிழமைகளில் ஒரு டொக்டர் வீட்டைத் துப்புரவு செய்துவந்தேன். அதற்கு முன் ஏழு வருடம் ஜேர்மனியில் அகதி. ஒரு முதியோர் இல்லத்துக் குசினியில் சட்டி கழுவிக் கழுவியே அந்த மொழியைப் பிடித்தேன். கடைசியில் என் வழக்கை நிராகரித்துவிட்டார்கள். பலேர்மோ துறைமுகத்தில் வேலை செய்துகொண்டிருந்த என் கணவரைக் கலியாணம் கட்டி இங்கே வந்து சேர்ந்தேன். இத்தாலிய மொழியை சிஞ்ஞோராவிடம், அதாவது டொக்டரின் மனைவியிடம், ஏச்சு வாங்கியே பழகினேன்.

டொக்டர் இந்த நகரத்தில் அப்போது இருந்த ஒரு சின்ன உதைபந்தாட்டக் கழகத்துக்கும் வைத்தியர். ஒருநாள் வீட்டோடு சேர்ந்திருந்த தன் வைத்திய அறைக்கு நெடுத்த செம்பட்டைத் தலையன் ஒருவனைக் கூட்டிவந்தார். அவனுக்குக் கணுக்கால் வீங்கியிருந்தது. டொக்டர் கையை ஆட்டி ஆட்டி விளக்குகிறார், அவனுக்கு ஒன்றும் ஏறவில்லை. "இந்த மனுசன் என்ன சொல்லுறார் எண்டு ஆராவது சொன்னால் புண்ணியமாப் போகும்" என்று தனக்குத்தானே ஜேர்மனில் முணுமுணுத்தான். நான் நிலம் துடைத்துக்கொண்டிருந்தேன். நிமிராமலே, "ரண்டு நாளைக்குக் காலை உயத்தி வைக்கட்டாம்" என்று ஜேர்மனில் சொன்னேன். இரண்டு பேரும் திரும்பி என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! அன்றிலிருந்து அவன் வரும் நேரமெல்லாம் துடைப்பத்தைச் சுவரில் சாத்திவிட்டு நான் கதைக்கிற ஆள் ஆனேன்.

அவன் பெயர் ரைனர். என்னைவிட மூன்று வயது இளையவன், அதனால் அவன் என்றே எழுதுகிறேன். ஜேர்மனியில் ஒரு சிற்றூரில் கூரை வேய்கிறவரின் மகன். ஆறு வயதில் அந்த ஊர்க் கழகத்தில் பந்தடிக்கத் தொடங்கி, பதினாலு வயதில் பின்வரிசைக்குத் தள்ளப்பட்டு, அங்கேயே நிலைத்துவிட்டவன். எங்கள் ஊரில் 'பாக்' விளையாடுகிறவன் என்போமே, அது. பதினேழு வருடம் பல கழகங்களுக்கு விளையாடியிருக்கிறான். தேசிய அணிக்கு ஒரே ஒருமுறை அழைத்தார்களாம். ஆட்டம் முடியும்வரை குளிர்ச்சட்டையோடு மைதானத்து ஓர வாங்கில் இருந்துவிட்டு வந்தானாம். "என்ரை சட்டை மட்டும்தான் வேர்த்தது" என்று தன்னையே பகிடி பண்ணுவான். முப்பத்தொரு வயதில் பலேர்மோவுக்கு வந்தது விளையாட்டு வாழ்க்கையின் கடைசி வருடத்துக்கு. இங்கே ஒரு வருடம் விளையாடிவிட்டுத் தன் ஊர்க் கழகத்தில் சின்னப் பிள்ளைகளுக்குப் பயிற்சியாளராகப் போகவேண்டும் என்பதுதான் அவனுடைய ஒரே ஆசை. அந்த வேலையைத் தருவதாக ஊரில் வாக்கும் கொடுத்திருந்தார்கள். ஏழு வயதுப் பிள்ளைக்கு என்ன சொல்லிக் கொடுப்பது, பத்து வயதுப் பிள்ளைக்கு என்ன என்று ஒரு கொப்பியில் படம் படமாகக் கீறி வைத்திருந்தான்.

என்னை 'ஃபிறாவ் கந்தையா' என்றுதான் கூப்பிடுவான். கந்தையா என் அப்பாவின் பெயர். ஜேர்மனியில் அப்பா பெயரைக் குடும்பப் பெயராக்கி என் பத்திரங்களில் எழுதிவிட்டார்கள், நானும் அவனிடம் முதல்நாள் அப்படியே சொல்லிவிட்டேன். "கந்தையா அம்மையார்" என்று கூப்பிடுவதுபோல இருக்கும். அப்பா கேட்டிருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பார். இங்கத்தைப் பத்திரங்களில் எனக்குக் கணவரின் பெயர், டொக்டர் வீட்டில் நான் வெறும் பவானி.

பயிற்சி நடக்கும்போது மைதானத்து ஓரத்தில் இருப்பேன். ஒருநாள், "நீங்கள் ஏன் ஆட்டம் முழுக்கக் கத்திக்கொண்டே இருக்கிறியள்?" என்று ரைனரைக் கேட்டேன்.

"பின்னாலை நிக்கிறவன்ரை வேலை காலிலை இல்லை, ஃபிறாவ் கந்தையா. வாயிலை. முன்னுக்கு நிக்கிறவனுக்கு முதுகிலை கண் இல்லை. ஆள் வாறான் எண்டு நான் பின்னாலை நிண்டு கத்தவேணும். கத்தாமல் விட்டால் அது என்ரை பிழை" என்றான். பிறகு சிரித்துக்கொண்டு, "மரம் எண்டு என்னைச் சொல்லியிருக்கினம், ஆமை எண்டும் சொல்லியிருக்கினம். ரைனர் வாய் திறக்கேல்லை எண்டு இண்டைவரை ஒருத்தரும் சொன்னதில்லை" என்றான்.

அவன் சொன்னது ஜேர்மனில். நான் இங்கே யாழ்ப்பாணத் தமிழில் எழுதுவது உங்களுக்கு விளங்கவேண்டும் என்பதற்காக மட்டும் இல்லை. அவன் கதைக்கும்போதே எனக்கு அது இப்படித்தான் காதில் விழும். எந்த மொழியைக் கேட்டாலும் முதலில் அதைத் தமிழாக்கி, பிறகு தமிழிலிருந்து இத்தாலியத்துக்குக் கொண்டுபோவேன். அதைப் பெரிய கெட்டித்தனம் என்று நினைத்திருந்தேன். என் அழிவு அதில்தான் இருந்தது.

இன்னொன்று, டொக்டரின் புகழ்ச்சி. ஜேர்மன்காரர் ஒரு வசனத்தைத் தொடங்கினால் வினைச்சொல் வந்து சேர்வதற்குள் தேத்தண்ணி ஆறிவிடும். நான் அதைக் கேட்டு நாலு சொல்லில் இத்தாலியத்தில் போட்டுவிடுவேன். "பவானி, நீ ஒரு பொக்கிசம். அவன் ஒரு நிமிசம் அலட்டுறதை நீ ஒரு மூச்சிலை முடிக்கிறாய்" என்பார் டொக்டர். ஏச்சு மட்டும் வாங்கிப் பழகியவளுக்கு இது போதாதா? தலை கிறுகிறுத்துப் போனேன். அதற்குப் பிறகு அவன் வாய் திறக்கும்போதே எதை வெட்டலாம் என்றுதான் பார்ப்பேன்.

ஒருநாள் ரைனரைச் சாப்பாட்டுக்கு வீட்டுக்குக் கூப்பிட்டோம். பிட்டும் சூடைமீன் குழம்பும். என் கணவர் ஊரில் பந்தடித்தவர், அவருக்குக் கால் நிலத்தில் படவில்லை. ஆனால் ஜேர்மனில் ஒரு சொல்லும் தெரியாது. "இஞ்சேரும், குழம்பு எப்பிடி எண்டு கேளும்" என்றார். கேட்டேன். ரைனருக்கு முகம் சிவந்து நெற்றியால் வேர்வை வழிந்தது. "எஸ் கேற்" என்றான்.

"பரவாயில்லையாம்" என்றேன் நான்.

"பாத்தீரே! எங்கடை உறைப்புக்கு ஈடு குடுக்கிறான்" என்று என் கணவர் இன்னொரு அகப்பை ஊற்றினார். பாவம், அவன் அதையும் குனிந்த தலை நிமிராமல் தின்று, ஒரு கூசாத் தண்ணீரையும் குடித்தான். நாங்கள் சிரித்தோம். எனக்கு அன்றைக்கே உறைத்திருக்க வேண்டும்.

'எஸ் கேற்' என்றால் எழுத்துக்கு எழுத்து 'அது போகுது' என்று பொருள். ஜேர்மன்காரர் அதைச் சாப்பாட்டுக்கும் சொல்லுவார்கள், உடம்புக்கும் சொல்லுவார்கள், மாமியாரைப் பற்றியும் சொல்லுவார்கள். பொருள் குரலில்தான் இருக்கிறது. குரல் எழும்பினால் பாதகமில்லை. குரல் கீழே இறங்கினால், 'நல்லாயில்லை, பல்லைக் கடிச்சுக்கொண்டு நிக்கிறன்' என்று அர்த்தம். ஏழு வருடம் அங்கே இருந்த எனக்கு இது தெரியாததில்லை. ஆனால் என் தலைக்குள் அந்தச் சொல்லுக்குப் பக்கத்தில் எங்கள் 'பரவாயில்லை' வந்து குந்திவிட்டது. நாங்கள் அதை எப்போது சொல்லுகிறோம்? காலை மிதித்தவனுக்கும் பரவாயில்லை, கருகின தோசைக்கும் பரவாயில்லை. அதைச் சொன்னால் கதை முடிந்தது, இனிமேல் அதைப் பற்றிக் கேட்கவேண்டாம் என்று அர்த்தம்.

பருவத்தின் கடைசி ஆட்டம் வந்தது. தோற்றால் கழகம் கீழ்ப்பிரிவுக்கு இறங்கிவிடும். சீசாவில் இறைச்சிக் கடைக்காரன் முதல் பஸ் சாரதி வரை அதே கதைதான். வியாழக்கிழமைப் பயிற்சியில் ரைனருக்கு முழங்கால் சுளுக்கியது. ஞாயிறு காலை மைதானத்து வைத்திய அறையில் டொக்டர் அவனைச் சோதித்தார். அவன் படியேறி வந்ததை நான் பார்த்தேன். ஒவ்வொரு படியிலும் இரண்டு காலையும் வைத்து, நின்று, பிறகு அடுத்த படி. அதையும் கண்ணால் பார்த்தவள்தான் நான்.

டொக்டர் முழங்காலை மடித்தார், நீட்டினார், அமத்தினார். வெளியே பயிற்சியாளர் கதவைத் தட்டிக்கொண்டு நின்றார். "கேள், எப்பிடி இருக்காம்? இறங்குவானோ?" என்றார் டொக்டர்.

நான் கேட்டேன். ரைனர் முழங்காலைப் பார்த்துக்கொண்டு, "எஸ் கேற்" என்றான். குரல் கீழேதான் போனது.

"பிரச்சினை இல்லையாம்" என்று நான் இத்தாலியத்தில் சொன்னேன். கெதியாக, சுருக்கமாக, டொக்டருக்குப் பிடித்த மாதிரி.

டொக்டர் பையை மூடிக்கொண்டு எழும்பினார். அவர் கதவடிக்குப் போகும்போது ரைனர் மிச்சத்தைச் சொன்னான். "ஆனால் கனநேரம் ஏலாது. அரை நேரத்தோடை என்னை எடுக்கச் சொல்லுங்கோ."

டொக்டரின் முதுகு எனக்கு முன்னால் நாலடி தூரத்தில் இருந்தது. "தொத்தோரே", அதாவது டொக்டர், என்று ஒரு சொல் கூப்பிட்டிருந்தால் போதும். வாய் வரை வந்தது. நான் கூப்பிடவில்லை. ஏன் என்று கேட்டால் நீங்கள் சிரிப்பீர்கள், அல்லது சிரிக்கமாட்டீர்கள், நீங்களும் எங்கள் வீடுகளில் வளர்ந்த பிள்ளைகள்தானே. ஒரு காரியத்துக்குப் புறப்பட்டுப் போகிற ஆளைப் பின்னால் கூப்பிடக்கூடாது. போகிற காரியம் சரிவராது. அன்றைக்கு அந்தக் காரியம் முழு ஊரின் காரியம். பின்னால் கூப்பிட்டு அதை நான் கெடுப்பதா என்று என் நாக்கு உள்ளே போய்விட்டது. ஓடிப்போய் முன்னால் நின்று சொல்லலாம் என்று நினைத்து நான் வாசலுக்கு வருவதற்குள் டொக்டரும் பயிற்சியாளரும் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றார்கள். அந்தச் சந்தோசத்துக்குள் புகுந்து சொல்ல எனக்குத் துணிவு வரவில்லை.

பின்னால் நின்று கத்துவதுதான் தன் வேலை என்று எனக்குச் சொன்னவனுக்காகக் கத்தவேண்டிய நேரத்தில், பின்னால் கூப்பிடக்கூடாது என்று நான் வாயை மூடிக்கொண்டேன். சீ!

அரை நேரத்தில் அவனுடைய நடையைப் பார்த்து அவர்களே எடுப்பார்கள் என்று நம்பினேன், எடுக்கவில்லை. அவன் ஓரத்தைப் பார்த்துக் கையைக் காட்டினான். பயிற்சியாளர் பெருவிரலை உயர்த்திக் காட்டினார். ஆட்டம் முடிய இருபது நிமிடம் இருக்கும்போது ரைனர் பந்தே இல்லாத பக்கம் திரும்பினான். அவனுக்குப் பக்கத்தில் ஒருவரும் இல்லை. அப்படியே விழுந்தான். அவ்வளவு நேரமும் கத்திக்கொண்டிருந்தவன் விழும்போது ஒரு சத்தமும் போடவில்லை.

கழகம் ஒரு கோலால் வென்றது. வீதி முழுக்க ஹோர்ன் சத்தம். முன்பின் தெரியாதவர்கள் என் கணவரைக் கட்டிக் கொஞ்சினார்கள். நான் வீட்டுக்குப் போய்க் குளியலறைக் கதவைப் பூட்டிக்கொண்டு அழுதேன்.

அடுத்தநாள் ஆஸ்பத்திரியில், இனி அவன் விளையாட ஏலாது என்று நான்தான் அவனுக்குச் சொன்னேன். அதைச் சரியாகச் சொன்னேன், ஒரு சொல்லும் விடவில்லை. அவன் கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தான். டொக்டர் கட்டில் ஓரத்தில் இருந்தார். அவருக்கும் கண் கலங்கியிருந்தது. "ஏன் எனக்குச் சொல்லேல்லை எண்டு கேள், பவானி. இவ்வளவு நோவை ஏன் மறைச்சவன்?"

கேட்டேன். ரைனர் திடுக்கிட்டு என்னைப் பார்த்தான். "சொன்னேனே! கனநேரம் ஏலாது எண்டு சொன்னேனே!"

பிள்ளைகளே, இந்த இடத்தைக் கவனமாக வாசியுங்கள். முதலில் நடந்தது பிழை. பிழை யாருக்கும் வரும். இப்போது இரண்டு பேரும் என் முகத்தைப் பார்த்துக்கொண்டு இருக்கிறார்கள். அவன் சொன்னதை அப்படியே சொன்னால் அந்தப் பிழை என்னுடையது என்று டொக்டருக்குத் தெரிந்துவிடும். நான் இத்தாலியத்தில், "விளையாட ஆசையிலை சொல்லேல்லையாம்" என்றேன்.

இதற்குப் பெயர் பிழை இல்லை. இது பச்சைப் பொய்.

டொக்டர் அதைப் பத்திரிகைக்காரரிடம் சொன்னார், நல்ல எண்ணத்தோடுதான். இந்த நகரத்துக்காக நோவை மறைத்து விளையாடிய ஜேர்மன்காரன் என்று எழுதினார்கள். சனம் ஆஸ்பத்திரிக்குத் தோடம்பழமும் பலகாரமும் கொண்டுவந்தது. ஒரு கிழவர் அவனுடைய கால் கட்டைத் தொட்டுக் கும்பிட்டார். "ஏன் இவையள் என்னிலை இவ்வளவு அன்பா இருக்கினம்?" என்று ரைனர் என்னைக் கேட்டான். "நல்ல சனம்" என்றேன். வேறு என்னத்தைச் சொல்ல?

இரண்டு கிழமை போனது. ஒரு சனிக்கிழமைப் பின்னேரம் கதவு தட்டுப்பட்டது. ரைனர். ஊன்றுகோல்களோடு மூன்று மாடி ஏறி வந்திருந்தான், மூச்சு வாங்கியது. என் கணவர் வேலைக்குப் போயிருந்தார். கதிரையில் இருக்கச் சொன்னேன். இருக்கவில்லை.

"ஊரிலையிருந்து ரெலிபோன் வந்தது" என்றான். "பிள்ளையளைப் பழக்கிற வேலையை எனக்குத் தரமாட்டினமாம். தன்ரை முழங்காலை மறைச்சவனிட்டை எங்கடை பிள்ளையளின்ரை முழங்காலை எப்பிடிக் குடுக்கிறது எண்டு கேக்கினம். இஞ்சத்தைப் பேப்பரிலை வந்ததாம், டொக்டரே சொன்னவராம். ஃபிறாவ் கந்தையா, நான் எப்ப மறைச்சனான்?"

நான் சொன்னேன். இரண்டையும் சொன்னேன், மைதானத்தில் விட்ட பிழையையும் ஆஸ்பத்திரியில் சொன்ன பொய்யையும். ஜேர்மனில் சொன்னதால் வெட்டவோ குறைக்கவோ இடமில்லாமல் போயிற்று. கத்துவான் என்று நினைத்தேன். கத்தியிருக்கலாம்.

"முழங்காலை விடுங்கோ" என்றான் கடைசியில். "விளையாடுறவனுக்கு எப்பவோ ஒருநாள் அது போகும். ஆனால் நான் வாய் திறக்கேல்லை எண்டு சொல்லக்கூடாது. அது நான் இல்லை. டொக்டர் ஒரு கடிதம் எழுதித் தரவேணும். வெள்ளிக்கிழமை ஊரிலை கடைசி முடிவெடுக்கினம். நான் திங்கள் பின்னேரக் கப்பலிலை ஜெனோவாவுக்குப் போய், அங்கையிருந்து ஊருக்குப் போறன். திங்கள் காலமை பத்து மணிக்கு டொக்டர் வீட்டுக்கு வாருங்கோ. நான் சொன்னால் சாட்டுச் சொல்லுறன் எண்டுவினம். நீங்கள் சொல்லவேணும்."

"வாறன்" என்றேன்.

அவனுக்கு அது போதும். ஜேர்மன்காரன் வருகிறேன் என்றால் வருவான். எங்களுக்கோ 'வாறன்' என்பது போகும்போதும் சொல்லுகிற சொல்தானே.

நான் போகவில்லை.

காரணத்தைச் சொல்லுகிறேன், அதைக் கேட்டு எனக்காக இரங்கவேண்டாம். என் பெர்மெஸ்ஸோ, இங்கே இருப்பதற்கான அனுமதிப் பத்திரம், முடிகிற நேரம். புதன்கிழமை குவெஸ்தூரா என்கிற பொலிஸ் தலைமையகத்தில் அதைப் புதுப்பிக்க வேண்டும். நான் தன் வீட்டில் வேலை செய்கிறேன் என்று டொக்டர் கையெழுத்துப் போட்ட கடிதம் அதற்கு வேண்டும், அதை அவர் இன்னும் தரவில்லை. ஏற்கெனவே ஒரு நாடு என்னை வெளியே போ என்று சொல்லிவிட்டது. பொய் சொன்னவள் என்று தெரிந்தபின் எந்த டொக்டர் கையெழுத்துப் போடுவார்? திங்கள் காலை சீலை உடுத்தி, சப்பாத்துப் போட்டு, கதவடியில் நின்றேன். பத்து மணி ஆனது. பத்தரை ஆனது. சப்பாத்தைக் கழற்றினேன். கையெழுத்து வந்தபின் போய்ச் சொல்லலாம் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

செவ்வாய்க்கிழமை வேலைக்குப் போனேன். சிஞ்ஞோரா சிரித்துக்கொண்டே சொன்னார். "நேற்று அந்த ஜேர்மன்காரன் வந்தவன். ரண்டு மணித்தியாலம் இருந்தவன், பாவம். வாசலையே பாத்துக்கொண்டு 'கந்தையா, கந்தையா' எண்டு சொன்னவன். ஜேர்மனிலை போயிட்டு வாறன் எண்டு சொல்லுறதாக்கும் எண்டு இவரும் அவன்ரை கையைப் பிடிச்சு 'கந்தையா' எண்டு சொல்லி அனுப்பினவர். அது என்ன சொல், பவானி? என்ன அர்த்தம்?"

"தெரியாது, சிஞ்ஞோரா" என்றேன். என்னைப் பெற்றவரின் பெயர் அது. எனக்கு அது தெரியாதாம்.

கையெழுத்து அன்றைக்கே கிடைத்தது, நான் கேட்கவே இல்லை. டொக்டர் மேசையில் கடித உறையில் போட்டு வைத்திருந்தார். ஆனாலும் புதிய பெர்மெஸ்ஸோ கைக்கு வரட்டும் என்று மூன்று மாதம் இழுத்தடித்தபிறகுதான் அவரிடம் சொன்னேன். டொக்டர் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். "அண்டைக்கே ஏன் சொல்லேல்லை? கையெழுத்தை நிப்பாட்டிப்போடுவன் எண்டே நினைச்சனி?" என்று கேட்டார். "முழங்காலைப் பாத்தவன் நான்" என்றார். "உன்ரை வாயை மட்டும் நம்பினது என்ரை பிழை." அன்றைக்கே ஜேர்மனிக்குக் கடிதம் எழுதினார், நானே அதை மொழிபெயர்த்தேன். ஒரு எழுத்தும் குறைக்கவில்லை. அந்த வேலைக்கு வேறு ஆளை எடுத்துவிட்டோம், வருந்துகிறோம் என்று பதில் வந்தது. ரைனர் ஒரு கூரை ஓடு விற்கிற கடையில் நிற்கிறான் என்று பிறகு கேள்விப்பட்டேன். நான் அவனுக்கு எழுதிய இரண்டு கடிதத்துக்கும் பதில் இல்லை.

அதற்குப் பிறகுதான் நான் இந்தத் தொழிலுக்கு வந்தேன். ஆஸ்பத்திரிகளில் என்னோடு வேலை செய்தவர்கள் என்னைப் பிடிவாதக்காரி என்பார்கள். டொக்டர்மார் அவசரப்பட்டு எழும்பினால் நான் வெள்ளைக்கோட்டைப் பிடித்து இழுத்திருக்கிறேன். 'இன்னும் முடியேல்லை, இருங்கோ' என்று முதுகுக்குப் பின்னால் கத்தியிருக்கிறேன். நோயாளி முனகினால் முனகினார் என்று சொல்லுவேன், குரல் இறங்கினால் குரல் இறங்கியது என்று சொல்லுவேன். உங்களையும் சுருக்கமாகச் சொல்லச்சொல்லிக் கேட்பார்கள், கெட்டிக்காரி என்று தட்டிக்கொடுப்பார்கள். அந்தப் புகழ்ச்சிக்கு மயங்காதீர்கள். பிழை விட்டால் அந்த அறையை விட்டு வெளிக்கிட முன்னமே, நான் பிழை விட்டேன் என்று இரண்டு மொழியிலும் சொல்லுங்கள். அந்த நேரம் கொஞ்சம் வெட்கம்தான் போகும்.

ஒன்றை மட்டும் எழுதாமல் விட்டுவிட்டேன். எழுதாமலே முடித்துவிடலாம் என்றுதான் பார்த்தேன். அந்தத் திங்கட்கிழமை பின்னேரம் என் கணவர் வேலை முடிந்து வந்தார். அவருக்கு நடந்தது எதுவும் தெரியாது.

"இஞ்சேரும், உம்மடை ஜேர்மன்காரன் போறான். கப்பலடியிலை கண்டனான்" என்றார் சப்பாத்தைக் கழற்றிக்கொண்டு. "என்னைக் கண்டிட்டு ஊன்றுகோலோடை அவ்வளவு தூரம் நடந்து வந்தவன். உமக்கு ஏதோ சொல்லச் சொன்னவன்."

"என்ன சொன்னவன்?"

"எனக்கென்ன தெரியும்? என்ரை ரண்டு கையையும் பிடிச்சுக்கொண்டு அஞ்சு நிமிசம் கதைச்சான். 'ஃபிறாவ் கந்தையா' எண்டு உம்மடை பேரை மூண்டு நாலு தரம் சொன்னவன்."

"கோவமாச் சொன்னவனோ?"

"தெரியேல்லை. கண் கலங்கினது."

"அழுதவனோ? ஏசினவனோ? ஒரு சொல்லாவது ஞாபகம் இல்லையே உங்களுக்கு?"

அவர் கண்ணை மூடி யோசித்துப் பார்த்தார். "ஷ், ஷ் எண்டு வந்தது" என்றார். ஜேர்மனில் எந்த வசனத்தில்தான் அது வராது!

"அப்ப நீங்கள் என்ன சொன்னியள்?"

"என்னத்தைச் சொல்ல? பாவமாக் கிடந்தது. ஓம், ஓம், சொல்லுறன் எண்டு தலையாட்டினன். அதுக்குப் பிறகுதான் கையை விட்டவன்."

என்னிடம் சொல்லவேண்டியதைச் சொல்லியாயிற்று என்று நினைத்துக்கொண்டு ரைனர் கப்பல் ஏறினான். அது என்ன என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.